நாற்காலி போட்டால்தான் கிளாரினெட்

"இன்னும் அஞ்சு நாற்காலி வேணும் பியூலா. தலைமை தாங்க வந்த தாசில்தார் குடும்பத்தோட வந்துட்டாரு," என்று மூச்சு வாங்கினான் அவள் கணவன் ஜெபகுமார்.

பியூலாவுக்குத் தலை சுற்றியது. கிழக்குத் தாம்பரம் மண்டபம் நிரம்பி வழிந்தது. அவள் எழுதி மேடையேற்றும் நாடகத்தின் கதாநாயகன் அவள் அப்பா, கிளாரினெட் சுந்தர்சிங். அவர் சாதிக்காரர்கள் ஊரார் முன் உட்காரவே கூடாது என்றிருந்த ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபத்தேழில், பீர்க்கன்கரணைக் கல்யாணத்தில், "நாற்காலி போட்டாத்தான் ஊதுவோம்" என்று பண்ணையார் முகத்துக்கு நேரே சொன்னவர். கல்லடி பட்டும் அசையவில்லை. இந்த எண்பது வயதில் முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தார். அவர் வாயால் ஒரு சபாஷ் வாங்கத்தான் பியூலா ஆறு மாதமாக அல்லாடினாள்.

"மேக்கப் ரூம்லேருந்து எடுங்க," என்றாள் கணவனிடம்.

எடுத்தான். நிற்க முடியாத பண்ணையார் வேஷக்காரர் அட்டைப்பெட்டியில் உட்கார, உள்ளே இருந்த தலைப்பாகை அப்பளமாகியது. அதற்குள் தாசில்தாரின் சம்பந்தி வீட்டார் எட்டுப் பேர் வந்து சேர்ந்தார்கள்.

மிச்சமிருந்தது மேடையோரம் பேண்டு செட்டுக்குப் போட்ட எட்டு நாற்காலிகள்தான்.

"தசரதன் அண்ணா, கோச்சுக்காதீங்க. நின்னுக்கிட்டே வாசிச்சிடுங்களேன். ஒரு மணி நேரந்தான்."

கிளாரினெட் தசரதன் நாற்காலியை விட்டு எழுந்தார். சம்மதம்தான் என்று பியூலா எடுத்துக்கொண்டாள்.

நாடகம் ஜோராகப் போனது. சுந்தர்சிங் வேஷக்காரர் மார்பு நிமிர்த்தி, "நாற்காலி போடு!" என்று முழங்கினார். கிளாரினெட் உச்சத்துக்குப் போகவேண்டிய இடம். சட்டென்று இசை நின்றது.

"அண்ணா, ஊதுங்க!" என்று திரைமறைவிலிருந்து கெஞ்சினாள் பியூலா.

தசரதன் கிளாரினெட்டைக் கக்கத்தில் இடுக்கினார். "மொதல்ல நாற்காலி போடும்மா."

மானம் போயிற்று என்று பியூலா கண்ணை மூடிக்கொண்டாள். சபையோ இதுவும் நாடகம் என்றே நினைத்து விசிலடித்தது. "நாற்காலி போடு!" என்று மண்டபமே கத்தியது. தாசில்தார் எழுந்து தன் நாற்காலியைத் தானே தூக்கிவந்து போட்டார். சம்பந்தி வீட்டாரும் வரிசையாகத் தூக்கிவந்தார்கள். எட்டுப் பேரும் உட்கார்ந்து வாசித்த வாசிப்பில் கூட்டம் முழுக்க எழுந்து நின்றது. "சபாஷ்!" என்ற அப்பாவின் குரல் எல்லோருக்கும் மேலே கேட்டது. பியூலா பெருமையில் அழுதேவிட்டாள்.

திரை விழுந்ததும் தசரதனிடம் ஓடினாள். "நல்லபடியா முடிஞ்சுது. ஆனா ஏன்ணா அப்படி நிறுத்தினீங்க? எனக்கு உயிரே போயிடுச்சு!"

"நான் இன்னாம்மா பண்றது? மொத வரிசைலேருந்து கைய தூக்கி நிறுத்தச் சொன்னதே உங்கப்பாதான்!"