மூச்சம்மாவின் மரக்கால்

தஞ்சாவூர் ஜில்லாவிலேயே ஒரு மனிதரின் முகத்தைப் பார்க்காமல் அவரை முழுசாகத் தெரிந்துகொண்ட ஒரே ஆள் எங்கள் பக்கத்துப் பெரிய ஆஸ்பத்திரியின் மூச்சம்மாதான். மயக்க மருந்து டாக்டர். பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று இருந்திருக்கும். அறைக்கதவில் பலகைகூட இருந்தது. யாரும் படித்ததில்லை. அவர் பார்வை எப்போதும் எதிராளியின் கழுத்துக்குக் கீழே, நெஞ்சில்தான் நிற்கும். கலெக்டர் வந்தபோதும் அப்படியே. சட்டைப் பொத்தான் கழன்றுவிட்டதோ என்று கலெக்டர் தடவித் தடவிப் பார்த்துக்கொண்டாராம். கடைசியில் மூச்சம்மா சொன்னார்: "மேலாக்கத்தான் மூச்சு விடறீங்க சார். வயித்துலேர்ந்து எடுங்க."

ஒரு கல்யாணத்தில் நாகஸ்வர வித்வானுக்கு முன்னால் போய் நின்றுகொண்டு, "இவ்வளவு நேரமா ஊதறீங்களே, எப்ப உள்ள இழுக்கறீங்க?" என்று அவர் மூக்குக்குக் கீழே விரலை நீட்டிப் பார்த்திருக்கிறார். அன்றைக்கு கெட்டிமேளத்தைத் தவில்காரர் ஒருவராகவே ஒப்பேற்றினார் என்பார்கள்.

ஆஸ்பத்திரியில் மூச்சு விடவைக்கும் மெஷின் ஒன்றே ஒன்று. மலேயாவில் சம்பாதித்த கூத்தாநல்லூர்க்காரர் ஒருவர் தானமாகக் கொடுத்தது. அதற்கு மூச்சம்மா வைத்த பெயர் மாப்பிள்ளை. ஏன் என்று கேட்டவர்களிடம், "சீமையிலேர்ந்து வந்திருக்காரு. ஏசி ரூம் குடுத்தாத்தான் தங்குவாரு. கரண்ட் கொஞ்சம் குறைஞ்சா முறுக்கிக்குவாரு. பின்ன என்னன்னு கூப்பிடறது?" என்பார்.

இந்த மாப்பிள்ளையோடு எனக்குச் சம்பந்தம் ஏற்பட்டதற்கு என் நாக்குதான் காரணம்.

நான் அப்போது வெண்ணாற்றங்கரையில் ஆரம்பப் பள்ளி வாத்தியார். ஆட்சி மாறி, தெருவுக்கொரு படிப்பகமும் முச்சந்திக்கொரு மேடையும் முளைத்திருந்த காலம். மைக்கைக் கண்டால் எனக்கும் கை நமநமவென்று இருக்கும். அந்த அறுவடையில் எங்கள் ஊர்க் களத்தில் தகராறு. கூலி நெல் அளக்கிற மரக்கால் சின்னது, பண்ணைக்கு அளக்கிற மரக்கால் பெரியது என்று கூலியாட்கள் சங்கத்துக் கோவிந்தன் சொன்னார். இரண்டும் ஒன்றுதான் என்று பண்ணையார் சொன்னார். கம்புகள் வரப்பில் தயாராகக் கிடந்தன. சமாதானம் பேசப் போன என்னைப் பார்த்து இரண்டு தரப்பும் ஒரே கேள்வியைக் கேட்டன: "வாத்தியாரே, நீங்க எந்தப் பக்கம்?"

நான் துண்டைத் தோளில் சரிசெய்துகொண்டு, "தோழர்களே, பெரியோர்களே, நான் நியாயத்தின் பக்கம்" என்று சொல்லி, மேடைப் பேச்சாளர்கள் வைப்பதுபோல் கம்பீரமாக ஒரு அடி பின்னால் வைத்தேன். நியாயத்தின் பக்கத்தில், வைக்கோலுக்கு அடியில், ஒரு நல்ல பாம்பு படுத்திருந்தது.

பண்ணையாரின் காரில் தூக்கிப் போட்டார்கள். கோவிந்தன் மடியில் என் தலை. கொஞ்ச நேரத்தில் இமைகள் தாமாக இறங்கின, நாக்கு குழறியது. "வாத்தியாரு கள்ளு கிள்ளு போட்டிருந்தாரா?" என்று பண்ணையார் கேட்டது காதில் விழுந்தது. மறுக்க வாய் வரவில்லை. வாழ்க்கையில் முதல் தடவையாக எனக்குப் பதில் வராத இடம் அது.

விஷம் புத்தியைத் தொடவில்லை. காது கேட்கிறது, எல்லாம் புரிகிறது. நரம்பு சொல்வதைத் தசை கேட்காது, அவ்வளவுதான். கண்ணைத் திறக்க முடியாது, விரலை அசைக்க முடியாது, நெஞ்சைத் தூக்க முடியாது. ஆஸ்பத்திரியில் தொண்டைக்குள் ஒரு குழாய் இறங்கியது. 'புஸ்' என்று காற்று உள்ளே வந்தது. அதை நான் இழுக்கவில்லை. யாரோ எனக்குள் தள்ளினார்கள்.

"நாம நெஞ்ச விரிச்சுக் காத்த உள்ள இழுக்கறோம்" என்று மூச்சம்மா பண்ணையாருக்கும் கோவிந்தனுக்கும் விளக்கினார். "இவரால விரிக்க முடியல. அதனால மாப்பிள்ளை வெளியிலேர்ந்து தள்றாரு. தள்ளி நிறுத்தினா, உள்ள போன காத்து தானா வெளிய வந்துரும். விஷத்துக்கு மருந்து போட்டாச்சு. அது முறியற வரைக்கும் இவர் வேலைய அவர் பாப்பாரு."

"பொழச்சுக்குவாருங்களா?" என்றார் கோவிந்தன்.

"மாப்பிள்ளை நிக்காம ஓடணும்."

இருவரும் வராந்தாவை விட்டு நகரவில்லை. பாசம் என்று நினைத்துவிடாதீர்கள். வாத்தியார் போய்விட்டால் பண்ணையார் சங்கத்தின்மேல் கேஸ் போடுவார் என்று கோவிந்தனுக்குப் பயம். சங்கம் பண்ணையார்மேல் போடும் என்று பண்ணையாருக்குப் பயம். பாம்பின் மேல் கேஸ் போட யாருக்கும் தோன்றவில்லை.

மறுநாள் மத்தியானம் கரண்ட் போனது. ஜெனரேட்டர் இருந்தது; அதற்கு டீசல் இல்லை. மாப்பிள்ளை பெருமூச்சு விட்டு நின்றார். மூச்சம்மா குழாயில் ஒரு ரப்பர் பையை மாட்டிக் கையால் அமுக்க ஆரம்பித்தார். மருந்துக்கும் ஊசிக்கும் அவர் கை வேண்டும். நர்ஸுக்கோ பக்கத்து வார்டு முழுக்க வேலை. வராந்தாவைப் பார்த்துக் கூப்பிட்டார்.

"வாங்க ரெண்டு பேரும். அமுக்கணும், விடணும். நெஞ்சு எழும்பறதப் பாத்து அமுக்குங்க. கை சளைச்சா மாத்திக்குங்க."

முதலில் பண்ணையார். நாலு மூச்சு போயிருக்காது.

"டாக்டரம்மா, இவரு முழுசா அமுக்க மாட்டேங்கிறாருங்க" என்றார் கோவிந்தன். "களத்துலயும் இதே கைதாங்க."

பை கைமாறியது. கோவிந்தன் அமுக்கிய அமுக்கில் என் விலா எலும்புகள் ஒன்றையொன்று விசாரித்துக்கொண்டன.

"யோவ், மரக்காலுக்கு மேல குவிச்சுக் கும்பம் கட்டி அளக்கிறியே, வாத்தியாரு வெடிச்சுருவாரு" என்றார் பண்ணையார். "குடு இப்படி."

"நீங்க மொதல்ல கைய எடுங்க."

"நீ எடுய்யா."

ஆளுக்கொரு பக்கம் பையைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். அமுக்குவதை இருவருமே மறந்துவிட்டார்கள். நான் காத்திருந்தேன். அடுத்த மூச்சு வரவில்லை. நெஞ்சு சுவராகிவிட்டது. காதுக்குள் வெண்ணாறு ஓட ஆரம்பித்தது. இங்கே படுத்திருக்கிறேன் என்று சொல்ல ஒரு இமைகூட என் பேச்சைக் கேட்கவில்லை. மரக்கால் சண்டையில் நானே நெல்லாகச் சிந்திப் போகப்போகிறேன் என்றுதான் நினைத்தேன்.

பை பிடுங்கப்பட்டது. காற்று வந்தது. மூச்சம்மா கத்தவில்லை, மெதுவாகத்தான் பேசினார்.

"ரெண்டு பேரும் மூக்கப் பொத்திக்குங்க. வாயையும் மூடுங்க. நான் சொல்ற வரைக்கும் விடக் கூடாது."

அவர் எனக்கு அமுக்கிக்கொண்டே இருந்தார். எனக்குப் பத்து மூச்சு கிடைத்திருக்கும். அந்தப் பக்கத்தில் முதலில் காலணி தரையைத் தேய்த்தது. அப்புறம் இரண்டு தொண்டைகளில் ஒரே மாதிரி 'க்ம்' என்று சத்தம்.

"இப்ப விடலாம்."

அந்த அறையில் எழும்பிய இரைப்பு, மாப்பிள்ளை நாலு பேர் சேர்ந்தாலும் வராது.

"இவரு இப்படித்தான் இருந்தாரு" என்றார் மூச்சம்மா. "கும்பமும் வேணாம், குறையவும் வேணாம். விளிம்போட தலைதட்டி அளங்க. உள்ள போனது வெளிய வந்தப்பறம்தான் அடுத்தது. ஒருத்தர் அமுக்குங்க, ஒருத்தர் எண்ணுங்க."

எங்கள் பக்கம் நெல் அளக்கும்போது ஒன்று என்று சொல்லமாட்டார்கள். லாபம் என்றுதான் தொடங்குவார்கள். பண்ணையார் அமுக்க, கோவிந்தன் எண்ணினார்: "லாபம். ரெண்டு. மூணு." பிறகு கோவிந்தன் அமுக்க, பண்ணையார் எண்ணினார். சங்கத்துக்காரர் அளக்க, பண்ணையார் கணக்குச் சொன்ன ஒரே மரக்கால் எங்கள் ஊர்ச் சரித்திரத்தில் என் நுரையீரல்தான். எனக்குச் சிரிப்பு வந்தது. சிரிக்கவும் காற்று வேண்டுமே. அது அவர்கள் கையில் இருந்தது.

வெயில் தாழக் கரண்ட் வந்தது. மாப்பிள்ளை மறுபடி 'புஸ்' என்றார். ஆனால் இருவரும் பையை விடவில்லை.

"இது சரியா அளக்குதுங்களா?" என்றார் பண்ணையார் சந்தேகமாக.

"எவ்வளவு, எத்தனை தடவைன்னு நான் திருகி வச்சிருக்கேன். உள்ள அழுத்தம் ஏறிப் போனா விசில் அடிக்கும்."

கோவிந்தன் கேட்டார்: "இது மாதிரி ஒண்ணு களத்துக்குக் கிடைக்குங்களா டாக்டரம்மா?"

அதற்கப்புறம்தான் உண்மையான வேலை. இமைகள் திறந்தன, விரல்கள் அசைந்தன. நெஞ்சு மட்டும் அசையமாட்டேன் என்றது. உள்ளதைச் சொல்கிறேன், அந்த மெஷின் எனக்குப் பிடித்துப்போயிருந்தது. மூச்சு விடுகிற தொல்லையை இன்னொருவர் பார்த்துக்கொள்ளும்போது, எந்த அரசு ஊழியனும் அந்த ஏற்பாட்டைக் கலைக்க விரும்பமாட்டான்.

மூச்சம்மா முக்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தார். என் வயிற்றின்மேல் கையை வைத்து, மெஷினை நிறுத்தினார். "என் கைய உங்க மூச்சால தூக்குங்க வாத்தியாரே."

கை எழவில்லை. எனக்குக் கண் இருண்டது. மெஷினைப் போட்டார். கொஞ்சம் விட்டு மறுபடி நிறுத்தினார். கை எழவில்லை. மறுபடி போட்டார். அவருக்குச் சாப்பாட்டுக் கேரியர் வந்தது. திறக்காமலே திரும்பிப் போனது. நர்ஸ் வந்து, "நாளைக்குப் பாத்துக்கலாமே டாக்டர்" என்றாள்.

"நாளைக்கு இவர் இன்னும் சோம்பேறியாயிருவாரு" என்றார் மூச்சம்மா. என்னைப் பார்த்து, அதாவது என் நெஞ்சைப் பார்த்து, "எனக்கு வேற வேலை இல்ல. எடுங்க" என்றார். மறுபடி நிறுத்தினார். இந்தத் தடவை அவரே உரக்க மூச்சை இழுத்தார், கொல்லன் துருத்தி மாதிரி. விட்டார். மறுபடி இழுத்தார். என்னை விட்டுவிட்டு இந்த அம்மா மட்டும் மூச்சு விடுகிறாரே என்று எனக்கு ரோஷம் வந்தது. வயிற்றுக்குள் எங்கேயோ ஒரு சின்ன இழுப்பு. அவர் கை, ஒரு நெல்மணி உயரத்துக்கு, எழுந்தது.

"தலைதட்டி இருக்குங்களா டாக்டரம்மா?" வாசலில் இருந்து கோவிந்தன்.

"குறையத்தான் இருக்கு" என்றார் மூச்சம்மா. "ஆனா சொந்த மரக்கால்."

இரண்டு நாளில் குழாயை எடுத்தார்கள். அவரிடம் ஏதாவது வேடிக்கையாகச் சொல்லவேண்டும் என்று படுத்த படுக்கையிலேயே ஒரு வாக்கியம் தயார் செய்திருந்தேன். வாயைத் திறந்தால் குரல் வரவில்லை, காற்றுதான் வந்தது. அவர் என் வாயருகே காதை வைத்து அதையே கேட்டுக்கொண்டிருந்தார், நல்ல கச்சேரி கேட்கிறவர் மாதிரி.

கூலித் தகராறு தீர்ந்ததா என்றால், இல்லை. அடுத்த வாரமே இரண்டு பேரும் தாசில்தார் முன்னால் நின்றார்கள். ஊர் திரும்பிய என்னைப் பார்க்க வந்தவர்கள் எல்லாரும் என் கட்சியைக் கேட்டார்கள், பக்கத்தைக் கேட்டார்கள், பாம்பு கடித்தபோது யார் காரில் போனேன், யார் மடியில் படுத்தேன் என்று கேட்டார்கள்.

மூச்சம்மா மட்டும் என்னிடம் பெயர்கூடக் கேட்கவில்லை. அவர் கேட்டதெல்லாம் ஒரு மூச்சுதான். அதையும் அவர் வைத்துக்கொள்ளவில்லை.