ரெண்டு வீட்டு பாஸ்

புத்தளத்துக்கும் கற்பிட்டிக்கும் இடையில் ரெண்டு வீட்டு பாஸைப் போல மனிதருக்கு ஆத்திரம் மூட்டக்கூடிய இன்னொருவர் பிறந்ததில்லை. பிறந்திருந்தால் இரண்டு பேரையும் சேர்த்து இந்தக் கரை தாங்கியிருக்காது. இதை நான் சும்மா சொல்லவில்லை. பாதிக்கப்பட்டவன் என்ற முறையில் சொல்கிறேன்.

முதலில் அந்தப் பெயரைப் பற்றிய சந்தேகத்தைத் தீர்த்துவிடுகிறேன். அவர் வீடு கட்டும் மேசன். எங்கள் பக்கத்தில் மேசனும் பாஸ்தான், தச்சனும் பாஸ்தான். ஆனால் 'ரெண்டு வீடு' என்றதும் இப்போது உங்கள் மனம் எங்கே போனதோ, அங்கேதான் எல்லோருடைய மனமும் போனது. எங்கள் ஊரான தில்லையடிக்குப் புதிதாக வந்த ஹஸ்ரத் ஒருவர் பெயரைக் கேட்டுவிட்டு, பாஸைப் பள்ளிவாசல் விறாந்தையில் உட்கார வைத்து, இரண்டு மனைவியரிடமும் நீதமாக நடப்பது எப்படி என்று அரை மணித்தியாலம் உபதேசம் செய்தார். பாஸ் கடைசிவரை தலையாட்டிக் கேட்டார். பிறகு, "நல்ல கத ஹஸ்ரத். ஆனா எனக்கு இரிக்கிறது ஒரு பொஞ்சாதி. அவவுக்கே நான் பயம்," என்றார்.

அந்தப் பெயரை அவருக்கு வாங்கிக் கொடுத்தது அவர் வாய். வீடு கட்ட யார் போய்க் கூப்பிட்டாலும், "காசு ஒங்கடயா, பேங்குடயா?" என்றுதான் ஆரம்பிப்பார். வங்கிக் கடன் என்று சொன்னால் போச்சு. "அப்ப ரெண்டு வீடு கட்டணும். ஒண்டு ஒங்களுக்கு, ஒண்டு பேங்குக்கு. காணி காணுமா?" என்பார். நல்ல காரியத்துக்குப் புறப்பட்டு வந்தவனிடம் கேட்கிற கேள்வியா இது?

கேட்பதோடு விட்டாலும் பரவாயில்லை. கனமூலையில் ஒரு வெங்காய வியாபாரி கடன் எடுத்து வீடு கட்டிக் குடிபுகுந்தார். கட்டிய பாஸுக்கு அழைப்பு இல்லாமல் இருக்குமா? ஹோலில் பாய் விரித்து, சஹன் என்ற பெரிய தட்டுகளில் பிரியாணி வைத்து, ஆறு ஆறு பேராக உட்காரச் சொன்னார்கள். பாஸ் உட்காரவில்லை. வியாபாரியைக் கூப்பிட்டு, இதுவரை எத்தனை தவணை கட்டினீர்கள் என்று விசாரித்தார். பத்து என்றார் மனிதர். "அப்ப ஹோல் இன்னம் பேங்குட. மத்தவன்ட எடத்துல குந்தித் தின்ன எனக்கு ஏலாது. குசினிக் கதவு மட்டும்தான் ஒங்கட," என்று சொல்லிவிட்டு, சமையலறைக் கதவோரமாய்ப் போய் நின்றுகொண்டே சாப்பிட்டார். ஹோலில் ஒரு சஹனில் மட்டும் ஐந்து பேர்தான். அந்த ஐந்து பேரும் சாப்பிடாமல் சுவரைச் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். வியாபாரி அதன்பிறகு ஒரு வருடம் பாஸுக்கு ஸலாம் சொல்லவில்லை.

எதற்கு இவ்வளவு விரோதம் என்று ஒருநாள் கேட்டேன். மனிதருக்கு மூக்கு நுனி சிவந்தது. "சேர், எண்ட பூச்சு கண்ணாடி மாதிரி. ரெண்டு நாள் தேச்சி எடுக்கிற. அதுக்கு மேல கோதும மாவுப் பசையப் பூசி ஏல நோட்டீஸ் ஒட்டுறானுகள். இதுவரைக்கும் எண்ட வேலையில ஏழு செவரு நாசமாப் போயிருக்கி. ஒட்டத்தான் வேணும் எண்டா கேட்டுல ஒட்டுறது தானே? பேங்குல படிச்ச ஆக்கள் ஒருத்தரும் இல்லியா?" வீடு போனவர்களுக்காக அழுகிறாரா, பூச்சுக்காக அழுகிறாரா என்று எனக்கு அப்போது விளங்கவில்லை.

இனி என் கதை. நான் ஒரு கணித ஆசிரியர். தரம் பத்துப் பிள்ளைகளுக்குக் கூட்டு வட்டி படிப்பித்தே என் தலை நரைத்தது. ஆனாலும் தில்லையடியில் பதினான்கு வருடமாக வாடகை வீடு. சொந்தக்காரர் வருடத்துக்கு ஒருமுறை வாடகையைக் கூட்டுவார். ஒழுகும் கூரையை மட்டும் எங்கள் பொறுப்பில் விட்டுவிடுவார். பிரதேச செயலகத்தில் எழுதுவினைஞராக இருக்கும் என் மனைவியும் நானும் பல்லைக் கடித்துப் பத்துப் பேர்ச் காணி ஒன்றை வாங்கிப் போட்டிருந்தோம். சொந்தக் கூரைக்குக் கீழ் ஒரு மழையைப் பார்த்துவிட வேண்டும் என்பது அவளுடைய ஒரே ஆசை.

அப்போது ஒரு வங்கியின் துண்டுப்பிரசுரம் கைக்கு வந்தது. 'இலகு தவணையில் உங்கள் கனவு இல்லம்.' இந்த 'இலகு' என்ற சொல்லைக் கண்டுபிடித்தவனை நான் ஒருமுறை நேரில் பார்க்க வேண்டும். யாருக்கு ஐயா இலகு? முப்பது லட்சம், நூற்றுக்குப் பதினான்கு, இருபது வருடம். மாதம் முப்பத்தேழாயிரத்து முந்நூற்று ஐந்து ரூபா. நானும் மனைவியும் இரண்டு சம்பளத்தையும் கூட்டிப் பார்த்து, "சமாளிக்கலாம்" என்றோம். வட்டி நம் மார்க்கத்தில் தடை என்பது தெரியாமல் இல்லை. 'வேறு வழியில்லை' என்று சொல்லிக்கொண்டு வங்கிப் படியேறியவர்களில் நானும் ஒருவன். வியாழக்கிழமை கையெழுத்து வைப்பதாக ஏற்பாடு.

திங்கட்கிழமை பாஸைக் காணிக்குக் கூட்டிப் போனேன். நூல்கட்டையும் முளைகளையும் கீழே வைத்துவிட்டு வழக்கமான கேள்வியைக் கேட்டார். நான் முந்திக்கொண்டு, "பாஸ், வட்டி ஹராம் எண்டு மட்டும் ஆரம்பிக்க வேணாம்," என்றேன்.

"ஹராம் ஹலால ஹஸ்ரத்துக்கிட்ட கேளுங்க. நான் கேக்கிறது கல்லுக் கணக்கு. மொத்தம் எவ்வளவு கட்டுவீங்க?"

"மாசம் முப்பத்தேழாயிரத்துச் சொச்சம்."

"மாசத்தக் கேக்கல்ல சேர். மொத்தத்தக் கேக்கிறன்."

எனக்குத் தெரியவில்லை. அல்லாஹ்மீது ஆணையாகத் தெரியவில்லை. பாஸ் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "நீங்க கணக்கு சேர் தானே?" என்றார். கன்னத்தில் அறைந்திருந்தால்கூட நான் மன்னித்திருப்பேன். கைபேசியை எடுத்து இருநூற்று நாற்பதால் பெருக்கினேன். எண்பத்தொன்பது லட்சத்து ஐம்பத்து மூவாயிரத்து இருநூறு. திரும்பவும் பெருக்கினேன். அதே விடைதான் வந்தது.

"அப்ப மூண்டு வீடு," என்றார் பாஸ். "மத்தவங்களுக்கு ரெண்டுதான் வாற. சேருக்கு மூண்டு."

சொன்னதோடு நிற்கவில்லை அந்த மனிதர். முளை அடித்து நூல் கட்ட ஆரம்பித்துவிட்டார். முதல் வீடு முடிந்தது. பக்கத்தில் இரண்டாவது வீடு. மூன்றாவது வீட்டின் குசினி எங்கள் எல்லையைத் தாண்டி அடுத்த காணிக்காரரின் தென்னைகளுக்குள் விழுந்தது. வேலிக்கு அப்பால் நின்ற பெண் ஒருவர், "மூணு வீடு ஆருக்கு பாஸ்?" என்று கேட்டார். பாஸ் நூலிலிருந்து கண்ணை எடுக்காமலே, "மொதலாவது சேர்ட பொஞ்சாதிக்கு. மத்த ரெண்டையும் சேர்க்கிட்டயே கேளுங்க," என்றார்.

தில்லையடியில் கதை போகிற வேகத்துக்கு எந்த வாகனமும் ஈடில்லை. கால் மணித்தியாலத்தில் என் மனைவி காக்கா என்று கூப்பிடும் அவளுடைய அண்ணன், இடுப்பில் சாரமும் தலையில் கவசமுமாக மோட்டார் சைக்கிளில் வந்து இறங்கினார். "மச்சான், மத்த ரெண்டு பேரும் ஆரு?" என்றார். நான் விளக்கம் சொல்லிக்கொண்டிருக்கும்போதே அரைநாள் லீவு போட்டுவிட்டு என் மனைவி திரீவீலில் வந்தாள். உச்சி வெயிலில், ஊர் வேலியோரம் நிற்க, முளைகளுக்கு நடுவில் நின்றுகொண்டு நான் கூட்டு வட்டி படிப்பித்தேன். என் வாழ்நாளில் இவ்வளவு கவனமாகக் கேட்ட வகுப்பு அமைந்ததில்லை.

மனைவி எல்லாவற்றையும் கேட்டுவிட்டுப் பாஸைப் பார்த்து, "அப்ப மத்த ரெண்டு வீட்டிலயும் ஆரு இரிக்கிற?" என்றாள்.

"ஒருத்தரும் இல்ல தங்கச்சி. அது பேங்குட."

அவள் என் பக்கம் திரும்பினாள். "வேற பொம்புளைக்குக் கட்டினாலும் ஒரு மனுஷியாவது குடியிரிந்திருப்பா," என்றாள்.

எனக்கு வந்த ஆத்திரம் கொஞ்சநஞ்சமல்ல. "நான் வேற பாஸப் பாத்துக்கிறன்," என்று கத்தினேன். பாஸ் நூலைச் சுற்றி எடுத்துக்கொண்டு சைக்கிளில் போய்விட்டார்.

மறுநாள் பாடமில்லாத நேரத்தில் ஆசிரியர் அறையில் உட்கார்ந்து, அவர் பிழை என்று நிரூபிக்கவே கணக்குப் போட்டேன். முதல் மாத வட்டி முப்பத்தையாயிரம் ரூபா. முப்பத்தேழாயிரத்து முந்நூற்று ஐந்தில் அது போக, என் கடனில் கழிவது இரண்டாயிரத்து முந்நூற்று ஐந்து. அன்றைய விலைக்கு இரண்டு பேக் சீமெந்தும் ஒரு பிளேன்டீயும். ஐந்து வருடம் பிசகாமல் கட்டினாலும் முப்பது லட்சத்தில் இரண்டு லட்சம்கூடக் குறையாது. இதே கணக்கை நான் எத்தனை வருடம் கரும்பலகையில் எழுதியிருப்பேன்! புத்தகத்தில் கடன் வாங்குகிறவன் எப்போதும் 'ஒருவர்'. அந்த ஒருவர் நானாக இருக்கக்கூடும் என்று ஒருநாளும் தோன்றவில்லை.

வங்கிக்குப் போனேன். கடன் பிரிவிலிருந்த உத்தியோகத்தர் மிக மரியாதையானவர். "சேர், எல்லாரும் மாசத் தவணையத்தான் கேப்பாங்க. மொத்தத்த ஒருத்தரும் கேக்கிறல்ல," என்றார். ஒருவரும் கேட்காவிட்டால் நீங்கள் சொல்லக்கூடாதா? சரி, இந்தப் பதினான்கு மாறாதா என்றேன். "மொத ரெண்டு வருஷம் மாறாது சேர்."

"அதுக்குப் பொறகு?"

"பொறகு பாப்பம்."

பதினெட்டு வருடத்தை 'பாப்பம்' என்ற ஒரு சொல்லில் அடக்கிவிட்டார். நாங்கள் கோழிக்கறிக்கு அடுப்பு மூட்டும்போதுகூட இதைவிட நிச்சயமாகப் பேசுவோம்.

புதன்கிழமை பின்னேரம் வெட்கத்தை விட்டு பாஸின் வீட்டுக்குப் போனேன். வியாழன் கையெழுத்தை வைக்காவிட்டால் வீடு இல்லை; வைத்தால் வீடு எப்போது எங்களுடையது என்று தெரியாது. இதை நான் சொல்லி முடிக்குமுன் உள்ளேயிருந்து அவர் மனைவி வந்தார். "இவர்ட பேச்சக் கேக்காதீங்க சேர். கடனில்லாமக் கட்டுறன் எண்டு பதினொரு வருஷம் என்னைத் தகரத்துக்குக் கீழ சமைக்க வெச்சவரு. மாரி காலத்துல கறிக்குத் தனியாத் தண்ணி ஊத்தத் தேவையில்ல. அதுக்கு ஆரு கணக்குப் பாத்த?"

பாஸின் குரல் இறங்கி நான் கேட்டது அந்த ஒருமுறைதான். "கடன் எடுக்க வேணாம் எண்டு நான் ஒருநாளும் சொல்லல்ல. எத்தின வீடு கட்டுறம் எண்டு தெரிஞ்சி எடுங்க எண்டுதான் சொல்ற," என்றார்.

பாஸ், அவர் மனைவி, நான் என மூன்று பேருமாக உட்கார்ந்து என் கனவு இல்லத்தை வெட்டினோம். மேல்மாடி போனது. பெரிய ஹோல் போனது. மூன்று அறை இரண்டானது. கையிருப்பு, என் மனைவியின் நகையில் பாதி, அதற்கு மேல் பத்து லட்சம் கடன், எட்டு வருடம். மொத்தம் பதினாறே முக்கால் லட்சத்துக்குக் கொஞ்சம் குறைவு. "ஒண்டே முக்கால் வீடும் வராது," என்றார் பாஸ். "காணிக்குள்ள அடங்கும். கையெழுத்து வைங்க."

கட்டி முடிக்கும்வரை தினமும் சண்டைதான். ஜன்னல் விஷயத்தில் நான் சொன்னதை அவர் ஒருநாளும் கேட்கவில்லை. வீடு சின்னது என்று உறவினர்கள் முகம் சுளித்தார்கள். முதல் மழைக்கு என் மனைவி ஹோலின் நடுவில் ஒரு கதிரையைப் போட்டு உட்கார்ந்து, எங்கேயும் சொட்டு விழவில்லை என்பதைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். நான் கூப்பிட்டும் எழும்பவில்லை.

சில வருடத்தில் வாங்கிய கடனைக் கட்ட முடியாமல் நாடு வங்குரோத்தானது. பெற்றோலுக்கு வரிசை, எரிவாயுவுக்கு வரிசை. அந்த 'பாப்பம்' எங்கள் வீட்டுக்கும் கடிதமாக வந்தது. தவணை மூவாயிரம் கூடியது. பருப்பைத் தின்று, வங்கியைத் திட்டிக்கொண்டு கட்டினோம். முதலில் எடுக்கவிருந்த கடனுக்கு அதே கணக்கைப் போட்டேன். மாதம் அறுபதினாயிரத்தை முட்டியது. எங்கள் இரண்டு சம்பளத்தில் ஒன்று அப்படியே போயிருக்கும். என்னுடைய பாடசாலையில் அந்தத் துண்டுப்பிரசுரத்தை நம்பிக் கையெழுத்து வைத்த ஆசிரியர் ஒருவர் வீட்டை விற்றுவிட்டு இன்று வாடகைக்கு இருக்கிறார். அவர் ஊதாரியும் இல்லை, சோம்பேறியும் இல்லை. மொத்தம் எவ்வளவு என்று கேட்க அவருக்கு ஓர் ஆள் இருக்கவில்லை, அவ்வளவுதான்.

போன மாதம் கடைசித் தவணையைக் கட்டினேன். வங்கி பிடித்து வைத்திருந்த காணி உறுதிப் பத்திரத்தை ஒரு பெரிய கடித உறையில் போட்டுத் தந்தார்கள். பாஸுக்கு இப்போது முழங்கால் முடியாது. கட்டடச் சாரத்தில் ஏறுவதை விட்டுவிட்டார். அவர் வாசலில் மோட்டார் சைக்கிளை நிறுத்திவிட்டு உறையை அவர் மடியில் வைத்தேன். பிரிக்கவே இல்லை.

"பொஞ்சாதிக்கிட்டக் காட்டினீங்களா?"

"இல்ல பாஸ். பேங்கிலேந்து நேராத்தான் வாறன்."

"அறிவிரிக்கா சேர் ஒங்களுக்கு? எட்டு வருஷமாச் சம்பளத்துல பாதியக் குடுத்தது அந்தப் பொம்புள. மொதல்ல அவட கையில குடுங்க. எழும்புங்க, போங்க!"

ஒரு பிளேன்டீகூடத் தராமல் விரட்டிவிட்டார். மூக்கு நுனிவரை கோபத்தோடு வெளியே வந்தேன். மோட்டார் சைக்கிளைத் திருப்பும்போதுதான் எனக்கே உறைத்தது. வங்கியிலிருந்து வரும் வழியில் என் வீடுதான் முதலில் வருகிறது. அதைத் தாண்டித்தான் நான் அவர் வாசலுக்கு வந்திருந்தேன்.