வண்டி நிறுத்துமிடத்தில் வனவாழ்வு

வனவுயிர்கள் பொதுமக்களின் சொத்து. சொத்து என்றால் உரிமையாளர் அவ்வப்போது நேரில் போய்ப் பார்த்துவர வேண்டும். இந்த உயரிய கொள்கையின்படிதான் எங்கள் ஊருக்கு வெளியே இருக்கும் ஏரியும் அதைச் சுற்றியுள்ள கோரைக்காடும் சரணாலயமாக அறிவிக்கப்பட்டன. வனத்துறை தன் கடமையில் குறை வைக்கவில்லை. நுழைவாயில் கட்டியது. ஏரிக்கரையில் பார்வைக் குடில் கட்டியது. குடிலுக்குப் பாதை போட்டது. அந்தப் பாதையில் நடக்கக் கூடாது என்று இடையிடையே பலகையும் நட்டது.

பொதுமக்களும் குறை வைக்கவில்லை. சரணாலயம் போவதற்கென்றே ஓர் உடை அப்போது ஊரெங்கும் பிரபலமாகியிருந்தது. தலை முதல் கால் வரை இலை அச்சடித்த துணி, தொப்பியிலும் இலை. குடும்பம் குடும்பமாக மாட்டிக்கொண்டு வந்தார்கள். மரத்தடியில் நின்ற மனைவியை அடையாளம் தெரியாமல், பக்கத்தில் நின்ற வேறொருவர் மனைவியிடம் ஒருவர் வண்டிச் சாவியைக் கொடுத்துவிட்டுப் போன சம்பவமும் உண்டு. கழுத்தில் கைக்குழந்தை கனத்துக்கு ஒரு கேமரா. உடம்பெல்லாம் 'காட்டு மணம்' என்று கடையில் விற்ற சென்ட். இப்படி யார் கண்ணுக்கும் படாமல் வந்து சேர்ந்தவர்கள், குடிலில் உட்கார்ந்து ஒருவரையொருவர் "உஷ், உஷ்" என்று அதட்டிக்கொண்டிருப்பார்கள். அந்த 'உஷ்' அக்கரை வரை கேட்கும். ஏரியில் ஒரு காக்கா குருவி கூடத் தலைகாட்டாது.

பறவைகள் எல்லாம் வண்டி நிறுத்துமிடத்தில் இருந்தன. அங்கே ஒரு பெரிய நிழல்மரம் இருந்தது. மூடினாலும் ஒழுகும் குழாய் ஒன்று இருந்தது. வந்தவர்கள் சிந்திய பிஸ்கட் தூள் நாள் முழுக்கக் கிடைத்தது. கொக்கு, மைனா, மடையான், ஒரு கீரிக் குடும்பம் என்று எதையாவது மிதிக்காமல் வண்டியில் ஏற முடியாது. ஆனால் யாரும் அவற்றைப் படம் பிடிக்கவில்லை. வண்டி நிறுத்துமிடத்தில் நிற்பது வனவுயிர் ஆகாது என்பது படித்தவர்களின் கருத்து.

சரணாலயத்தின் காப்பாளருக்கு மட்டும் ஒரு விஷயம் தெரியும். கோரைக்குள் ஒரு நீர்நாய் குட்டி போட்டிருந்தது. நுழைவாயிலில் டீக்கடை வைத்திருந்த தன் மனைவியைத் தவிர வேறு யாரிடமும் அவர் மூச்சு விடவில்லை. சொன்னால் இலைத்துணிக் கூட்டம் மொத்தமும் கோரைக்குள் இறங்கிவிடும், தாய் குட்டிகளைத் தூக்கிக்கொண்டு ஓடிவிடும். சொந்தப் பேரப்பிள்ளைகள் மாதிரி அவற்றின் மேல் அவருக்கு அவ்வளவு பாசம்.

இந்த நேரத்தில்தான் தலைமை அலுவலகத்திலிருந்து உத்தரவு வந்தது. 'பார்வையாளர் கண்ணில் படாத உயிரினம், நிர்வாகக் காரணங்களை முன்னிட்டு, இல்லாத உயிரினமாகவே கருதப்படும். கண்ணில் படுவதற்குத் தடையாக உள்ள கோரை முழுவதும் அகற்றப்படும். இயக்குநர் நேரில் ஆய்வு செய்வார்.'

"நீர்நாய் இருக்கு, வெட்டாதீங்கன்னு எழுதிடவா?" என்றார் காப்பாளர்.

"எழுதுங்க. ஞாயித்துக்கிழமை ஊரே கோரைக்குள்ள நிக்கும்," என்றார் மனைவி.

"இல்லைன்னு எழுதினா?"

"இல்லாததுக்கு எதுக்குக் கோரைன்னு திங்கக்கிழமையே வெட்டிப்புடுவாங்க."

காப்பாளருக்குச் சோறு இறங்கவில்லை. தட்டைத் தள்ளி வைத்தார்.

"சாப்பிடுங்க. அதிகாரிங்க வரட்டும். நீங்க வாயே திறக்காதீங்க. அவங்களே பேசி அவங்களே ஒரு முடிவுக்கு வருவாங்க. அதுல கண்டிப்பா ஏதாவது கோளாறு இருக்கும். அதைப் புடிச்சுக்குவோம்," என்றார் மனைவி. அரசு ஊழியருக்கு வாழ்க்கைப்பட்டுப் பல வருடம் ஆன அனுபவம்.

இயக்குநர் வந்தார். கூடவே வாழிட நிபுணர் ஒரு அம்மாவும் வந்தார். இருவரும் புத்தம்புது இலைத்துணியில் இருந்தார்கள். குடிலில் வெகுநேரம் உட்கார்ந்தார்கள். ஏரியும் அவர்களும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டிருந்ததுதான் மிச்சம். வெறுத்துப்போய் வண்டிக்குத் திரும்பினால், இயக்குநரின் கார் மேல் ஒரு கொக்கு ஒற்றைக் காலில் நின்றுகொண்டிருந்தது.

"இங்க இவ்வளவு இருக்கு, அங்க ஒண்ணுமே இல்ல. என்னய்யா நிர்வாகம் பண்றீங்க?"

"சார், அது ஏரி. இது வண்டி நிறுத்துற இடம்," என்றார் காப்பாளர்.

நிபுணர் குறுக்கிட்டார். "உயிரினம் எங்க இருக்கோ அதுதான் வாழிடம். உயிரினம் தப்பு பண்ணாது."

"அப்ப தப்பு எங்க மேடம்?" என்றார் இயக்குநர்.

"பலகையில. சரணாலயம்ங்கிற பலகைய இடம் மாத்தி நட்டிருக்காங்க."

இயக்குநரின் முகம் தெளிந்தது. தப்பு பலகையுடையது என்றால் துறையில் யாருடையதும் இல்லை.

"அப்ப அந்த ஏரி என்னங்க?" என்று டீயை நீட்டியபடி கேட்டார் காப்பாளரின் மனைவி.

"அது தண்ணி தேங்கின உபரி நிலம்மா."

"கோரை?"

"பார்க்க ஒண்ணுமே இல்லாத இடத்துல பார்வைக்கு எப்படித் தடை வரும்? அதை வெட்ட நிதி ஒதுக்கினா தணிக்கையில என்னைப் புடிச்சுக்குவான்," என்றார் இயக்குநர்.

காப்பாளர் தன் வாழ்நாளில் முதல்முறையாகத் தணிக்கைத் துறையை மனதார வாழ்த்தினார்.

வேலைகள் மளமளவென்று நடந்தன. வண்டி நிறுத்துமிடம் 'மையப் பாதுகாப்புப் பகுதி' ஆனது. தரையிலிருந்த ஆயில் கறை 'கனிமப் படிவு' என்று குறிக்கப்பட்டது. ஒழுகும் குழாய் 'நிரந்தர நீராதாரம்' என்ற தகுதியைப் பெற்றது. ஏற்கெனவே கொடுத்த புகாரின் பேரில் அதைச் சரிசெய்ய வந்த பிளம்பர், நீராதாரத்தை அழிக்க முயன்றதற்காக எச்சரித்து அனுப்பப்பட்டார். வண்டிகளை எல்லாம் தூரத்தில் சாலையோரம் நிறுத்தச் சொன்னார்கள்.

வண்டிகளோடு பிஸ்கட்டும் போயிற்று. பறவைகளும் கிளம்பத் தொடங்கின. பதறிப்போன துறை நிபுணரை மறுபடி அழைத்தது. அவர் ஒரு நாள் முழுக்க உட்கார்ந்து கவனித்துவிட்டு, இந்த வாழிடத்தின் தவிர்க்க முடியாத அங்கம் பொதுமக்கள்தான் என்று கண்டறிந்தார். ஆகவே பொதுமக்கள் மையப் பகுதிக்குள்ளேயே உட்கார்ந்து, இயல்பு கெடாமல் தின்று, போதுமான அளவு சிந்த வேண்டும் என்று விதி வந்தது. சிந்தாமல் சாப்பிட்ட ஒரு பள்ளி ஆசிரியரிடம் ஊழியர் தனியாகப் பேச வேண்டியதாயிற்று.

"தப்பா எடுத்துக்காதீங்க சார். இவ்வளவு சுத்தமா சாப்பிட்டா இயற்கை என்னத்துக்கு ஆகும்?"

ஆசிரியர் வெட்கப்பட்டு ஒரு பிஸ்கட்டை நொறுக்கிப் போட்டார்.

கூட்டம் அலைமோதியது. எல்லோர் கேமராவிலும் கொக்கு விழுந்தது. துறைக்கு நல்ல பெயர், இயக்குநருக்குப் பதவி உயர்வுக்கான பரிந்துரை. ஏரிப் பக்கம் ஒரு ஆள் எட்டிப் பார்க்கவில்லை. கோரை ஆளுயரம் வளர்ந்தது, அதற்குள் குட்டிகளும் வளர்ந்தன. காப்பாளர் முன்பைவிட இரண்டு கரண்டி அதிகமாகச் சாப்பிட்டார்.

வளர்ந்த குட்டி வீட்டில் இருக்குமா? ஒரு நாள் காலையில் தாயும் குட்டிகளும் வரிசையாகக் கோரையை விட்டு வெளியே வந்து, மையப் பகுதியின் ஓரத்தில் நின்று பொதுமக்களை வேடிக்கை பார்த்தன. அன்றைக்கே தலைமை அலுவலகத்துக்குப் புகார் பறந்தது: 'அருமையான சரணாலயத்துக்குள் ஈரம் சொட்டச் சொட்டப் பெரிய பெருச்சாளிகள் குடும்பத்தோடு வருகின்றன. வனவுயிர்கள் இருக்கும் இடத்தில் இப்படிப்பட்ட ஜந்துக்களை விடலாமா?'

இயக்குநர் போனில் கொதித்தார். "பெருச்சாளிய வளர்க்கவா உங்களுக்குச் சம்பளம்? நாளைக்கே விஷம் வச்சிருங்க."

காப்பாளருக்கு அது பெருச்சாளி இல்லை என்று சொல்ல நாக்கு நுனி வரை வந்தது. எதிரே டீ ஆற்றிக்கொண்டிருந்த மனைவி கண்ணாலேயே அதட்டினார்.

"வச்சிரலாம் சார்," என்றார் காப்பாளர். "ஆனா கொக்கும் அதைத் தின்னுடும். எல்லார் கையிலயும் கேமரா வேற இருக்கு."

இயக்குநர் குரலைத் தாழ்த்தினார். "வேற வழி?"

"வேலி சார். மையப் பகுதிக்கும் ஏரிக்கும் நடுவுல, நல்ல உயரமா."

"அதுங்க தாண்டி வராதே?"

"எந்த ஜந்துவும் தாண்ட முடியாத மாதிரி போட்டுரலாம் சார்."

ஏரிக்குள் ஆட்கள் இறங்காமல் இருக்க ஒரு வேலி வேண்டும் என்று காப்பாளர் வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து கெஞ்சிக்கொண்டிருந்தார், நிதி இல்லை என்றே பதில் வந்தது. இப்போது அதே வேலி ஒரே வாரத்தில் வந்து நின்றது. பலகை எழுதுகிறவர் வந்து எந்தப் பக்கம் பார்த்து நடுவது என்று கேட்டார். பலகை எப்போதும் சரணாலயத்துக்கு வெளியே இருப்பவர்களைப் பார்த்துத்தான் இருக்க வேண்டும் என்பது விதி. ஆகவே அது ஏரியைப் பார்த்து நடப்பட்டது: 'உள்ளே இருப்பவை பாதுகாக்கப்பட்டவை. சத்தம் போடாதீர்கள். எதுவும் தின்னக் கொடுக்காதீர்கள்.'

சாயங்காலம் ஆனால் நீர்நாய் தன் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு அந்தப் பலகைக்குப் பக்கத்தில் வந்து நிற்கிறது. உள்ளே இலைத்துணியில் உட்கார்ந்து சிந்திக்கொண்டிருப்பவர்களைச் சத்தமில்லாமல் பார்க்கிறது, எதுவும் கொடுக்காமல் திரும்பிப் போகிறது. இத்தனை ஒழுங்கான பார்வையாளர் இந்தச் சரணாலயத்துக்கு வந்ததே இல்லை என்கிறார் காப்பாளர்.

உள்ளே இடம் கிடைப்பதுதான் இப்போது குதிரைக் கொம்பு. எங்கள் குடும்பத்துக்கு ஒருவழியாக அடுத்த ஞாயிற்றுக்கிழமை கிடைத்திருக்கிறது. சிந்துவதற்கு எல்லோரும் வீட்டிலேயே பழகிக்கொண்டிருக்கிறோம்.