முப்பத்து நான்கு அடித் தண்ணீர்

பாதி படித்தவன் கையில் வகுத்தல் கணக்கைக் கொடுக்கக் கூடாது. முழுக்கப் படித்தவன் சரியாகப் போட்டுவிடுவான். படிக்காதவன் போடவே மாட்டான். என்னைப் போன்றவன்தான் பாதியில் நிறுத்திவிட்டு ஊரைக் கூட்டுவான்.

யுத்தம் முடிந்த சமயம். போன ஊரிலெல்லாம் வேலை போய், தூத்துக்குடித் துறைமுகத்தில் மூட்டைகளின் மேல் படுத்துக் கிடந்தேன். எப்படியாவது கொழும்புக்குப் போய்விட வேண்டும். மிக்கேல் தண்டலின் தோணி ஆடுகளோடு அங்கே கிளம்பவிருந்தது. (தண்டல் என்றால் தோணிக்குத் தலைவர். கடலைத் தவிர எல்லோரையும் அதட்டுவார்.)

ஏற்றும்போது ஒரு கிடா முட்டி, அவருடைய காற்றழுத்தமானி உடைந்தது. பாதரசம் பலகை இடுக்கில் ஓடிவிட்டது. ஐப்பசி மாதம், புயலை முன்கூட்டியே காட்டும் அது இல்லாமல் பாய் விரிக்க மாட்டேன் என்று உட்கார்ந்துவிட்டார்.

"பாதரசம் எதுக்கு? தண்ணியிலயே செஞ்சு தாரேன்" என்றேன். "தண்ணியைவிட அது பதிமூணரை மடங்கு கனம். முப்பது அங்குலப் பாதரசத்துக்குப் பதிலா முப்பத்தி நாலு அடித் தண்ணி நிக்கும். பாய்மரத்துல கட்டிருவோம்."

"ஏலே, நெசமாவா சொல்லுத?"

"நின்னா என்னையும் கொழும்புக்குக் கூட்டிட்டுப் போவணும்."

ஐஸ் பாக்டரியில் ஈயக் குழாய், உச்சியில் நீர்மட்டம் தெரியப் பஞ்சாலைக் கொதிகலனில் கழற்றிப் போட்ட கண்ணாடிக் குழாய், வெயில் படாமலிருக்க ஈரச் சாக்கு. எல்லாம் கெஞ்சி வாங்கியவை. தண்ணீர் உச்சியில் நின்றேவிட்டது! தண்டல் என்னைக் கட்டிப்பிடித்தார். (மீன் வாசம் இரண்டு நாள் போகவில்லை.)

மறுநாள் காலை குழாயில் குறி போட்டேன். சாயங்காலம் மரமேறிப் பார்த்தால் ஒன்றரை அங்குலம் இறங்கியிருந்தது. ஓர் அங்குலம் இறங்கினாலே புயல் என்பார் தண்டல்.

உச்சியிலிருந்தே கத்தினேன்: "புயலு! புயலு!"

அக்கம்பக்கத்துத் தோணிகளும் நங்கூரத்தை இரட்டிப்பாக்கின. ஆடுகளைக் கரையில் இறக்கினார்கள். அவை நேராகக் கோயிலுக்குப் போய், மாதா சப்பரத்துக்குக் கட்டியிருந்த பூவையெல்லாம் தின்றன. பூக்கட்டியது தண்டலின் மகள் ரோசம்மா. ஆடுகளை விட்டுவிட்டு என்னைத் தேடி வந்தாள்.

வானத்தில் ஒரு மேகமில்லை. துறைமுக ஆபீஸில் புயல் கூண்டும் ஏற்றவில்லை. நிரூபிக்கிறேன் என்று கரித்துண்டால் பலகையில் கணக்குப் போட்டேன். தண்டல் சொன்னது பாதரச அங்குலம். ஒன்றரையைப் பதிமூன்றரையால் வகுத்தால் ஒரு நூல்கூட, அதாவது அரைக்கால் அங்குலம்கூட, வரவில்லை. பாதரசம் அவ்வளவு தூரம் தினமும் சாயங்காலம் இறங்கி, ராத்திரி ஏறுவதுதான்.

"என்னல, புயலு எங்க?" என்றார் தண்டல்.

"உயரத்தப் பெருக்கினேன். எறக்கத்த வகுக்க மறந்துட்டேன்."

"ஆடு தும்முனாகூட அதுல புயலு தெரியும் போல" என்றாள் ரோசம்மா.

"இந்தக் குழாயையும் இந்தப் பயலையும் கரையில எறக்குங்கலே!" என்று கத்தினார் தண்டல்.

வேறொரு பாதரசமானியை இரவல் வாங்கிக்கொண்டு தோணி போயிற்று. நான் ரோசம்மாவுக்கு எதிரே உட்கார்ந்து, தண்டனையாகச் சப்பரத்துக்குப் பூக்கட்டினேன். கொழும்பை இன்றுவரை பார்த்ததில்லை. அடுத்த வருஷம் அவளைக் கட்டிக்கொண்டேன்.

இப்போது வீட்டில் நான் எதைச் சொன்னாலும் பதிமூன்றரையால் வகுத்துத்தான் எடுத்துக்கொள்கிறார்கள். ரோசம்மாவை முதலில் பார்த்த பிறகு பதினைந்து நாள் சோறு இறங்கவில்லை என்று நேற்று பேத்தியிடம் சொன்னேன்.

விரல்விட்டு எண்ணிப் பார்த்தாள். "அப்போ ஒரு நாள்தானா, தாத்தா?"

"அதுவும் கூடுதல்தான்" என்றாள் ரோசம்மா.