போடாங்க

“கட்! ‘வெளியே போடா.’ அவ்வளவுதான் வசனம். கடைசியில ‘ங்க’ எங்கிருந்து வருது?” என்று கத்தினார் டைரக்டர் அருண்குமார்.

தனபால் தலையைச் சொறிந்தான். பெருந்துறை மில்லில் மூட்டை தூக்குகிறவன். சீரியலிலும் மூட்டை தூக்கத்தான் கோபிசெட்டிபாளையம் பக்கத்து இந்தப் பங்களாவுக்கு வந்தான். கோயம்புத்தூரிலிருந்து ஓனரின் மகன் போனிலேயே பேசி வாடகைக்கு விட்ட பங்களா. டிவியில் வரப்போகிறோமே என்று சலவை வேட்டி சட்டையில் வந்திருந்தான். பண்ணையாராக நடிக்க வேண்டியவர் வரவில்லை. சலவை வேட்டியைப் பார்த்து, பண்ணையார் நாற்காலியை இவனுக்குக் கொடுத்துவிட்டார்கள்.

உடனே மகள் லோகப்பிரியாவுக்குப் போன் போட்டுச் சொல்லிவிட்டான். “டிவியிலயாச்சும் மூட்டை தூக்காம இருங்கப்பா” என்று காலையில் கிளம்பும்போது கேட்டவள் அவள்.

எதிரே, விரட்டப்பட வேண்டிய கூலியாள். சேற்று வேட்டியோடு மாட்டுக் கொட்டகைப் பக்கம் நின்ற பெரியவரை, உதவி டைரக்டர் யஷ்வந்த் பேர்கூடக் கேட்காமல் பிடித்து வந்திருந்தான். எல்லோரையும் பார்த்துக் குரைத்த நாய், அவர் காலடியில் மட்டும் வாலாட்டிக்கொண்டு படுத்தது.

“நாய்கூட என்னமா நடிக்குது சார்!” என்றான் யஷ்வந்த்.

“டேக்!”

“வெளியே போடாங்க!”

யூனிட்டே சிரித்தது. பெரியவரும் சிரித்தார்.

“ஏனுங்க, வயசுல மூத்தவரைப் போயி எப்படிங்க...” என்று இழுத்தான் தனபால்.

“உங்களைத் தெனம் திட்டுற ஆளை நெனச்சுக்குங்க” என்றார் டைரக்டர்.

மில் சூப்பர்வைசரை நினைத்தான். கைகள் தாமாகக் கும்பிட்டன. முதுகும் வளைந்தது.

முதுகு வளையாமலிருக்க சட்டைக்குள் அட்டை வைத்துக் கட்டினார்கள். பெரியவர் கிட்டே வந்ததும், அட்டையோடு விறைப்பாக எழுந்து, துண்டால் நாற்காலியைத் துடைத்தான். “உக்காருங்க.”

யஷ்வந்த் பொறுமை இழந்தான். “சார், இந்தாளு மூஞ்சியிலயே கூலின்னு எழுதியிருக்கு. வேட்டியைக் கழட்டிட்டு அழுக்கு லுங்கியைக் குடுங்க. மூட்டையே தூக்கட்டும்.”

தனபாலுக்கு மகள் முகம் கண்முன் வந்தது. கட்டு அவிழ்ந்து அட்டை விழுந்தது. முதுகு நிமிர்ந்தே நின்றது. கை பெரியவர் பக்கம் நீண்டது.

“வெளியே போடா! இது என்ற ஊடு! கேட்டைத் தாண்டிக் கால் வெச்சீன்னா பாரு!”

ஒரு ‘ங்க’ இல்லை. கைதட்டலும் விசிலும் பறந்தன. டைரக்டர் ஓடிவந்து கட்டிக்கொண்டார். “இனி கடைசி எபிசோடு வரைக்கும் நீங்கதான் பண்ணையார்!” யஷ்வந்த் லுங்கியை முதுகுக்குப் பின்னால் ஒளித்தான்.

பெரியவரும் கைதட்டிவிட்டுப் பக்கத்தில் வந்தார்.

“நல்லாத் தொரத்துனீங்க தம்பி. ஆனா இது என்ற ஊடுங்களே... நான் எங்கீங்க போறது?”