மிஸிஸ் கத்தரீனாவுக்கு நான் எழுதிக் கொடுத்த மாதிரி விடை

ஓக்லீ, மெல்பேர்ண்

அன்புள்ள தங்கச்சி பவளராணிக்கு,

இங்கே நானும் உன் மச்சாளும் குளிரைத் தவிர வேறு குறையின்றி இருக்கிறோம்; சிட்னியில் நீங்களும் அவ்வாறே இருப்பீர்கள் என நம்புகிறேன்.

எங்கள் பக்கத்து வீட்டுக் கிரேக்க மனுசி மிஸிஸ் கத்தரீனாவை உனக்குத் தெரியும். எண்பத்தாறு வயது. கிரேக்க உள்நாட்டுப் போரைப் பற்றி ஆவணப்படம் எடுக்கும் ஒரு பிள்ளை அவவின் நினைவுகளைப் பதிவு செய்யக் கேட்டது. அந்தப் போரில் பிடிபட்டுத் திரும்பாத அண்ணனின் பெயர் எங்காவது பதிவாக வேண்டும் என்பது மனுசியின் ஒரே ஆசை. ஆனால் பெற்ற மகளுக்குக்கூட அதைச் சொன்னதில்லை. வாய் வராது, ரீச்சர், என்று தன் உடைந்த ஆங்கிலத்தில் என்னிடம் கலங்கினா. முப்பத்திரண்டு வருடம் சரித்திரம் படிப்பித்தவன் சும்மா இருக்கலாமோ? நூலகத்தில் புத்தகம் எடுத்து, போரின் காரணங்கள் நான்கு, விளைவுகள் ஐந்து என்று மாதிரி விடை எழுதி, இரண்டு கிழமை பாடமாக்க வைத்தேன். ஓ.எல். பரீட்சை என்றால் இருபதுக்குப் பதினெட்டு நிச்சயம்.

படப்பிடிப்பு நாள் அந்தப் பிள்ளை, உங்களுக்கு ஞாபகம் உள்ளதைச் சொல்லுங்கோ என்றது. மனுசி கதிரையை விட்டெழுந்து, கை கட்டி, "முதலாவது காரணம், பொருளாதார நெருக்கடி" என்று தொடங்கினா. பிள்ளை தலையில் கை வைத்தது. மூன்றாவது காரணத்தில் மனுசி தடக்குப்பட, நான் கமெராவுக்குப் பின்னால் நின்று மூன்று விரலைக் காட்டி, வாயசைத்து, கடைசியில் பொறுக்கேலாமல் "வெளிநாட்டுத் தலையீடு" எண்டு சத்தமாவே சொல்லிப்போட்டன். மனுசி தாளைக் கசக்கி என்னிலை எறிஞ்சா.

"வாயை மூடும், ரீச்சர். என்ர அண்ணன் என்ன மூன்றாவது காரணமோ? அவனுக்குப் பதினேழு வயசு. அப்பாவின்ர சப்பாத்து பெரிசெண்டு பேப்பர் அடைச்சுப் போட்டவன். அவனைக் கொண்டு போகேக்கை தெரு முடியுமட்டும் அந்தச் சப்பாத்துச் சத்தம் கேட்டது. பேர் தனாசிஸ். எழுதும்."

எழுதினேன். கமெரா ஓடிக்கொண்டுதான் இருந்தது. அதுக்குப் பிறகு மனுசி ஒரு மணித்தியாலம் கதைச்சா, அழுதா, சிரிச்சா, இடையிலை எனக்கு ரெண்டு தரம் ஏச்சும் தந்தா. நான் பெருமிதத்தோடை எல்லாருக்கும் தேத்தண்ணி கொண்டு போனன். என் மாதிரி விடை இல்லாவிட்டால் அந்தக் கோபம் வந்திருக்குமா, நீயே சொல்.

மச்சானுக்கு என் அன்பு. பேரப்பிள்ளைகள் சுகத்தோடும் கொஞ்சம் தமிழோடும் வளர என் ஆசிகள்.

உன் பாசமுள்ள சின்னண்ணன்,
சிவபாதசுந்தரம்

பி.கு.: கடிதத்தை ஒட்டுமுன் அந்தப் பிள்ளையிடமிருந்து போன். தேத்தண்ணித் தட்டோடை போகேக்கை நான் ஒலிப்பதிவுக் கருவியின் வயரைக் காலால் இழுத்து விட்டேனாம்; அதுவரை பதிஞ்ச சத்தமும் அழிஞ்சு போச்சாம். படம் இருக்கு, சத்தம் ஒரு சொட்டும் இல்லை. போய் மிஸிஸிடம் சொன்னேன். அவ அடுப்பிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "ஒருக்காச் சொல்லியாச்சு, இனி எத்தனை தரமும் சொல்லுவன். நேற்று மகளுக்கும் சொன்னனான்" என்றா. சனிக்கிழமை மறுபடி எடுக்கிறார்கள். அன்றைக்கு நான் விடிய வெளிக்கிட்டு கேரம் டவுன்ஸ் கோயிலுக்குப் போய், அவ போன் பண்ணும்வரை கும்பிட்டுக்கொண்டே நிற்க வேண்டுமாம்.