மீசைக்கு எதிரான மக்கள் தீர்ப்பு

புக்கிட் மேரா,
ஞாயிறு மாலை

அன்பும் மரியாதையும் கலந்த மாணிக்கம் மச்சான் அவர்களுக்கு, ரகுபதி வணங்கி எழுதுவது. மார்சிலிங்கில் நீங்களும் கண்மணி அக்காவும் மணப்பெண் அனுப்ரியாவும் நலமாக இருப்பீர்கள். இங்கே என் மேலுதட்டைத் தவிர மற்ற எல்லாம் நலம்.

என் மகள் யாமினி நிகழ்த்துகலைக் கலைஞர் என்பது உங்களுக்குத் தெரியும். போன வருடம் சிராங்கூன் ரோட்டில் வாயே திறக்காமல் நின்றாளே, அதுவும் கலைதானாம். இந்த முறை ஜனநாயகத்தை ஆராய்கிறாள். எங்கள் அடுக்குமாடி புளோக்குக்குக் கீழே மேசை, வாக்குப்பெட்டி, கேமரா எல்லாம் வைத்தாள். கேள்வி ஒன்றே ஒன்று, அப்பாவின் மீசை இருக்கலாமா, கூடாதா. பெரும்பான்மை சொல்வதை அங்கேயே நிறைவேற்றிப் படம் பிடிப்பது என்று திட்டம். எனக்கு எதிராக இந்த புளோக்கில் யார் ஓட்டுப் போடுவார்கள் என்ற திமிரில் நானும் தலையாட்டிவிட்டேன்.

காலையில் ஒரு ஈ காக்கைகூட வரவில்லை. காலி நாற்காலியைப் படம் பிடித்தபடி, இதுவும் ஆழமாகத்தான் இருக்கிறது என்றாள் யாமினி. எனக்கு மானம் போயிற்று. வீடு வீடாகக் கதவைத் தட்டி, "கீழே ஓட்டு நடக்குது, போடலன்னா வாக்காளர் பட்டியல்லேர்ந்து பேரை எடுத்துருவாங்க" என்று சொல்லிவிட்டேன். ஓட்டுப் போடுவது கட்டாயமான இந்தச் சிங்கப்பூரில் அந்தப் பேச்சுக்கு எவ்வளவு மரியாதை என்று உங்களுக்கே தெரியும். ஞாயிற்றுக்கிழமைத் தூக்கத்தை விட்டு, அடுப்பை அணைத்து, அடையாள அட்டையோடு இறங்கி வந்து வரிசை பிடித்துவிட்டார்கள். வரிசையைப் பார்த்து நான் கேமராவுக்கு முன்னால் மீசையை முறுக்கினேன். மேசைக்கு வந்து கேள்வியைப் படித்த பிறகுதான் அவர்களுக்கு விஷயம் புரிந்தது.

முதலில் நின்ற எதிர்வீட்டு நஃபீசா, "பிரியாணிய தம்முல போட்டுட்டு ஓடியாந்தேன் அண்ணே. உங்க மீசைக்குத்தானா லா?" என்றார். மீசையை முறைத்துக்கொண்டே ஓட்டைப் போட்டார். பின்னால் நின்றவர்களுக்கும் அதே முகம்தான். மீசை டெபாசிட் இழந்தது. தேக்காவிலிருந்து முடிதிருத்துபவரை யாமினி முன்னாடியே வரவழைத்து வைத்திருந்தாள். நீயாவது எனக்குப் போட்டாயா என்று யாமினி அம்மாவைக் கேட்டேன். "வீட்டுக்குள்ளதான் நான் உங்க பொண்டாட்டி. கீழே நான் வாக்காளர்" என்றாள்.

சிரிக்காதீர்கள் மச்சான். கண்ணாடியைப் பார்த்தால் அழுகை வருகிறது. அடுத்த மாதம் அனுப்ரியா கல்யாணத்தில் தாய்மாமன் என்று மாலையோடு மேடையேற வேண்டியவன் நான். இந்த மூஞ்சியோடு எப்படி ஏறுவது? முகூர்த்தத்தைக் கொஞ்சம் தள்ளி வையுங்கள், மீசை வளரட்டும். ஜனநாயகத்தை விட்டுவிட்டு ஆபீஸ் வேலைக்குப் போகும்படி யாமினிக்கும் நீங்கள்தான் நாலு வார்த்தை சொல்ல வேண்டும். உங்கள் பேச்சை அவள் தட்டமாட்டாள்.

அக்காவுக்கு என் வணக்கம். மணமக்கள் எல்லாச் செல்வமும் பெற்று நீடூழி வாழட்டும்.

இப்படிக்கு,
தங்கள் அன்பு மைத்துனன்
ரகுபதி

பி.கு.: மேலே எழுதியதை மறந்துவிடுங்கள். கடிதத்தை ஒட்டும் முன் யாமினி காணொளியைப் போட்டுக் காட்டினாள். மீசை போனதில் எனக்குப் பத்து வயது குறைந்திருக்கிறது, யாமினி அம்மாவே மறுபடி போடச் சொல்லிப் பார்த்தாள். முகூர்த்தம் அதே நாளில் நடக்கட்டும், பிள்ளையும் கலையைத் தொடரட்டும். அடுத்த வாக்கெடுப்பு சனிக்கிழமை மார்சிலிங்கில், உங்கள் புளோக்குக்குக் கீழே, உங்கள் தலைச்சாயத்தைப் பற்றி. உங்கள் பெயரை யாமினியிடம் கொடுத்தது நான்தான். எதிர்ப்பக்கத்துக்குப் பிரச்சாரம் செய்ய நானே வருகிறேன், மதியச் சாப்பாடு உங்கள் வீட்டில்தான் என்று அக்காவிடம் சொல்லிவிடுங்கள்.